குளக்கட்டு, வாய்க்கால், வீதி வேலைகளில் நட்டஈடு கோருவது எப்படி: வன்னி ஒப்பந்தகாரருக்கும் சங்கங்களுக்கும்

வன்னியில் மண்வேலைக்குக் கிடைப்பது ஏறக்குறைய நாலு மாதம். சிறுகுளங்கள் ஆனியில் வற்றத் தொடங்கும், ஐப்பசி பிறந்தால் மழை இறங்கும். அந்த இடைவெளிக்குள் கட்டை உயர்த்தி, அலை மோதும் உட்பக்கச் சரிவான அலைகரைக்குக் கல் பதித்து, தண்ணீர் திறந்துவிடும் துருசைப் பொருத்தி முடிக்க வேண்டும். திணைக்களம் வேலைத்தளத்தைப் பிந்திக் கையளித்தாலோ, வரைபடம் தராமல் இழுத்தடித்தாலோ, பில்லை ஆறு மாதம் மேசையில் வைத்திருந்தாலோ அந்தச் சுமை ஒப்பந்தகாரரின் தலையில்தான் விழுகிறது. எக்ஸ்கவேற்றருக்கு வாடகை ஓடும், வங்கி வட்டி ஏறும், கூலிக்காரர் வேறு வேலைக்குப் போய்விடுவார்கள்.

இந்த இழப்பைக் கேட்டுப் பெறச் சட்டத்தில் வழி இருக்கிறது. ஆனால் நியாயம் உள்ள கோரிக்கைகளே பெருமளவில் தோற்றுப்போகின்றன. நீதிமன்றத்துக்குப் போவதற்கு வெகு முன்னரே, தாமதம் தொடங்கிய முதல் மாதத்தில் ஒரு கடிதம் எழுதாமல் விட்டதுதான் அனேகமான தோல்விகளுக்குக் காரணம்.

யாருடைய தவறு என்று முதலில் பிரியுங்கள்

எல்லாத் தாமதத்துக்கும் காசு கிடைக்காது. வேலையளிப்பவரின் தவறால் வந்த தாமதத்துக்குக் கால நீடிப்பும் காசும் கேட்கலாம்: தளம் கையளிக்காதது, கண்ணிவெடி அகற்றிய சான்று வராத காணியைத் தளமாகக் காட்டியது, வேலை நிலம் வனவளத் திணைக்களத்தின் எல்லைக்குள் வருகிறதா என்று பார்க்காமல் கேள்வி (டெண்டர்) கோரியது, வரைபடத்தை மாற்றியது, கொடுப்பனவைப் பிந்தியது. அசாதாரண மழை, வெள்ளம், சூறாவளி போன்றவற்றுக்குப் பெரும்பாலும் நாட்கள்தான் கிடைக்கும், காசு கிடைக்காது. 2018 டிசம்பரில் கிளிநொச்சி, முல்லைத்தீவு மாவட்டங்களில் வந்த வெள்ளத்தையும் 2020 டிசம்பரில் கரையேறிய புரெவியையும் இந்த வகையில் சேர்க்கலாம். மழைக்காக நாள் கேட்கும்போது வளிமண்டலவியல் திணைக்களத்தின் மழைவீழ்ச்சிப் பதிவையும் இணையுங்கள். ஐப்பசி மழை வன்னிக்குப் புதிதல்ல. வழக்கத்தைவிட எவ்வளவு கூட என்பதைக் காட்டினால்தான் அது 'அசாதாரணம்' ஆகும்.

மூன்றாவது வகை உங்கள் பொறுப்பு. கிறவல் எடுக்கப் புவிச்சரிதவியல் அளவை சுரங்கப் பணியகத்தின் அனுமதி பிந்தியதை இதற்கு உதாரணமாகச் சொல்லலாம். ஒப்பந்தம் அந்த அனுமதியை உங்கள் தலையில் வைத்திருந்தால் அதற்கு ஒரு சதமும் கேட்க முடியாது. இதைக் கோரிக்கைக்குள் கலந்துவிட்டால் மற்ற நல்ல பகுதிகளின் மேலும் சந்தேகம் விழும்.

28 நாள்

நிர்மாணக் கைத்தொழில் அபிவிருத்தி அதிகார சபையின் மாதிரி ஒப்பந்தங்களிலும், அதன் முந்தைய வடிவமான இக்டாட் ஆவணங்களிலும், கோரிக்கைக்கு அறிவித்தல் கொடுக்கக் குறித்த நாள் எல்லை இருக்கும். பெரிய வேலைகளுக்கான ஆவணத்தில் அது 28 நாள். சம்பவம் உங்களுக்குத் தெரியவந்த நாளிலிருந்து எண்ண வேண்டும். உங்கள் ஒப்பந்தத்தில் எத்தனை நாள் என்பதையும், அறிவித்தலை யாருக்கு, எந்த மொழியில், எந்த முகவரிக்கு அனுப்ப வேண்டும் என்பதையும் ஒப்பந்தத் தரவுப் பக்கத்தில் பார்த்து இன்றே குறித்து வையுங்கள். ஒப்பந்தத் தொடர்புமொழி ஆங்கிலம் என்று இருந்தால் தமிழில் எழுதியதோடு ஆங்கிலப் பிரதியையும் சேர்த்து அனுப்புங்கள். மொழிக் காரணத்தால் ஒரு கடிதம் தள்ளப்பட இடம் வைக்கக் கூடாது.

கடிதம் நீளமாக இருக்கத் தேவையில்லை. கணக்கும் இப்போதே வேண்டாம். கீழே உள்ளதுபோல எழுதினால் போதும்:

ஒப்பந்த இலக்கம் ……
குளக்கட்டுத் திருத்த வேலை: கோரிக்கை அறிவித்தல்
ஒப்பந்தப்படி 01.06.2025 அன்று வேலைத்தளம் எமக்குக் கையளிக்கப்பட வேண்டியிருந்தது. கட்டின் 0+000 இலிருந்து 0+400 வரையான பகுதி (முதல் 400 மீற்றர்) இன்றுவரை கையளிக்கப்படவில்லை. இதனால் எமது ஒரு எக்ஸ்கவேற்றரும் தளக் காவலாளியும் மேற்பார்வையாளரும் வேலையின்றி நிற்கின்றனர். இந்நிலை தொடர்கிறது. ஒப்பந்தத்தின் …… ஆம் பிரிவின்படி கால நீடிப்பும் மேலதிகச் செலவும் கோருவோம் என அறிவிக்கிறோம். விபரமான கணக்கைப் பின்னர் சமர்ப்பிப்போம்.

இரண்டு பிரதி எடுத்துப் போங்கள். அலுவலகத் தபால் பிரிவில் உங்கள் பிரதியில் திகதி முத்திரை வாங்குங்கள். அதே கடிதத்தைப் பதிவுத் தபாலிலும் அனுப்பி, பற்றுச்சீட்டைக் கடிதப் பிரதியோடு சேர்த்துத் தைத்து வையுங்கள். 'ரி.ஓ.விடம் (தொழினுட்ப உத்தியோகத்தரிடம்) சொன்னேன், அவருக்குத் தெரியும்' என்பது அறிவித்தல் ஆகாது. இடமாற்றம் வந்தால் அவருக்குத் தெரிந்ததும் அவரோடு போய்விடும்.

தளத்தில் வாயால் சொல்லும் மேலதிக வேலைக்கும் இதே முறைதான். 'இந்த மதகை இன்னும் ஒரு மீற்றர் நீட்டுங்கோ, பிறகு பில்லில் போடலாம்' என்று சொன்னால், அன்று மாலை அல்லது மறுநாள் காலை 'தங்கள் இன்றைய வாய்மூலப் பணிப்பின்படி' என்று தொடங்கி ஒரு கடிதம் போய்ச் சேர வேண்டும். பதில் வராவிட்டாலும் அந்தக் கடிதமே உங்கள் சாட்சி.

தளத்தில் வைத்திருக்க வேண்டிய பதிவுகள்

தளக் குறிப்பேட்டில் ஒவ்வொரு நாளும் ஐந்து விடயம் எழுதுங்கள்: வானிலை, நின்ற ஆட்களின் எண்ணிக்கை, ஓடிய இயந்திரமும் மணித்தியாலமும், சும்மா நின்ற இயந்திரமும் காரணமும், வந்துபோன உத்தியோகத்தர். பக்கத்தின் அடியில் ரி.ஓ.வின் கையொப்பம் இருந்தால் மிக நல்லது. அவர் மறுத்தால் 'கையொப்பமிட மறுத்தார்' என்று எழுதி, அந்த வாரத்துக்குரிய பிரதியைக் கடிதத்தோடு அனுப்பிவிடுங்கள்.

மண்வேலையில் மிகப் பெரிய இழப்பு வருவது ஆரம்ப நிலமட்டம் இல்லாததால். வேலை தொடங்க முன் 10 அல்லது 20 மீற்றருக்கு ஒரு குறுக்குவெட்டு எடுத்து, அழியாத ஒரு மட்டக்குறியோடு இணைத்து, இரு தரப்பும் கையொப்பமிட வேண்டும். மட்டக்குறிக்குப் பழைய துருசின் கொங்கிறீற்று அல்லது பாலத்தின் தலைச்சுவர் பொருந்தும். இது இல்லாமல் மாரியில் கட்டு அரிந்துபோனால், நீங்கள் எத்தனை கன மீற்றர் போட்டீர்கள் என்பதை உலகத்தில் எந்த நிபுணராலும் நிரூபிக்க முடியாது. வேலை இடையில் நிறுத்தப்பட்டால், தளத்தை விட்டுப் போக முன் கூட்டு அளவீட்டுக்குத் திகதி குறித்து எழுத்தில் அழையுங்கள். அவர்கள் வராவிட்டால் உரிமம் பெற்ற நில அளவையாளர் ஒருவரைக் கொண்டு எடுங்கள். அந்தச் செலவைப் பார்த்துப் பின்வாங்க வேண்டாம்.

வட்ஸ்அப்பில் அனுப்பிய படத்தில் எடுத்த நேரமும் இடமும் அழிந்துபோகும். மூலப் படத்தைத் தொலைபேசியிலேயே வைத்து, ஒரு பிரதியை வேறொரு இடத்திலும் சேமியுங்கள்.

திணைக்களத்தின் கோப்பில் என்ன இருக்கிறது என்று அறிய 2016 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டம் கைகொடுக்கும். அளவைப் புத்தகப் பக்கம், பில் சிபாரிசுக் குறிப்பு, தளம் கையளிப்புத் தொடர்பான உள்ளகக் கடிதங்கள், நிதி வந்த திகதி என்று ஆவணத்தைப் பெயர்சொல்லிக் கேளுங்கள். தகவல் உத்தியோகத்தர் 14 வேலைநாளுக்குள் தீர்மானம் சொல்ல வேண்டும். கிராம அபிவிருத்திச் சங்கத்துக்குச் சட்ட ஆளுமை இல்லையே என்று தயங்க வேண்டாம். செயலாளர் ஒரு பிரசையாகத் தன் பெயரிலேயே விண்ணப்பிக்கலாம்.

கணக்கு

நமது சட்டத்தில் நட்டஈட்டின் அளவு இதுதான்: ஒப்பந்தம் ஒழுங்காக நிறைவேறியிருந்தால் நீங்கள் எந்த நிலையில் இருந்திருப்பீர்களோ, காசால் முடிந்தவரை அந்த நிலையில் உங்களை வைப்பது. அதற்கு மேல் இல்லை. இழப்பைக் குறைக்க நியாயமான முயற்சி எடுக்க வேண்டிய கடமையும் உங்களுக்கு உண்டு.

உதாரணத்துக்கு ஒரு வேலையை வைத்துக்கொள்வோம். ஒப்பந்தத் தொகை 1 கோடி 80 இலட்சம் ரூபா, காலம் 120 நாள், ஜூன் 1 இல் ஆரம்பம். தளம் கிடைத்தது ஜூலை 9 ஆம் திகதி. ஆகவே 38 நாள் தாமதம்.

எக்ஸ்கவேற்றர் வாடகை நாளுக்கு 18,000 ரூபா. 38 நாளில் 12 நாள் அதை வேறு தளத்தில் ஓடவிட்டீர்கள் என்றால் 26 நாளுக்குத்தான் கேட்கலாம்: 4,68,000. காவலாளி, மேற்பார்வையாளர், தளக் கொட்டகை சேர்த்து நாளுக்கு 6,500 வீதம் 38 நாளுக்கு 2,47,000. இயந்திரத்தைத் திருப்பி அனுப்பி மீண்டும் கொண்டுவர லோபெட் (இயந்திரம் ஏற்றும் தாழ்தட்டு லொறி) இரண்டு ஓட்டம் 1,20,000. பிணைமுறி நீடிக்க வங்கி எடுத்தது 45,000. மொத்தம் 8,80,000 ரூபா. ஒவ்வொரு வரிக்கும் பற்றுச்சீட்டு, சம்பள ஏடு, வங்கி அறிக்கை என்று ஒரு தாள் பின்னால் நிற்க வேண்டும்.

அனேகர் தவறுவது இரண்டு இடத்தில். எக்ஸ்கவேற்றர் உங்கள் சொந்தமானால் சந்தை வாடகையைப் போடக் கூடாது. ஓடாத நாளில் டீசலும் தேய்மானமும் இல்லை, எனவே குத்தகைத் தவணை, ஓட்டுநர் சம்பளம் போன்ற நிற்கும் செலவு மட்டும்தான். ஆனால் வேறொருவர் அதை வாடகைக்குக் கேட்டு, இந்த வேலைக்காக மறுத்தீர்கள் என்று காட்டக்கூடியதாக இருந்தால் நிலைமை மாறும். இரண்டாவது, பி.ஓ.கியூ.வின் (வேலை அளவு, விலைப் பட்டியலின்) முன்னேற்பாட்டுப் பகுதியில் தளக் கொட்டகைக்கும் காவலுக்கும் மாத அடிப்படையில் காசு வாங்கிக்கொண்டு, அதையே மீண்டும் கோரிக்கையில் போடுவது. கணக்காய்வு பார்க்கும் முதல் இடம் அதுதான்.

கால நீடிப்பைக் கேட்கும்போது '38 நாள்' என்று மட்டும் எழுதினால் ஏமாந்துபோவீர்கள். ஜூன் 1 இல் தொடங்கியிருந்தால் 120 நாள் செப்டெம்பர் 28 உடன் முடிந்திருக்கும், முழுவதும் கோடை. ஜூலை 9 இல் தொடங்கினால் நவம்பர் 5 வரை போகும். கடைசி 36 நாள் மழைக்குள் விழுகிறது. ஈரமண்ணை ரோலர் இறுக்காது, குளத்தில் தண்ணீர் ஏறும், காலபோக (மாரிகால) நெற்செய்கைக்கு வாய்க்காலைத் திறக்கச் சொல்லிக் கமக்காரர் கேட்பார்கள், அது அவர்களின் நியாயம். ஆகவே திருத்திய வேலைத்திட்டத்தை வரைந்து, அடுத்த வருடக் கோடையில் எந்தப் பகுதியை முடிக்க முடியும் என்று காட்டி அதற்கேற்ற நாட்களைக் கேளுங்கள். இந்த நீடிப்பு எழுத்தில் வராமல் போனால் எதிர்ப்பக்கம் தாமதக் கழிவை வெட்டும். ஒப்பந்தத்தில் நாளுக்கு 0.05 வீதம் என்றிருந்தால் இந்த வேலைக்கு நாளொன்றுக்கு 9,000 ரூபா, 38 நாளுக்கு 3,42,000. அவர்கள் செய்த தாமதத்துக்கு நீங்கள் காசு கட்டுவீர்கள்.

பிந்திய பில்லுக்கான வட்டியை ஒப்பந்தம் சொல்லும் வீதத்தில் கணியுங்கள். 42 இலட்சம் ரூபாப் பில் 150 நாள் பிந்தி, வீதம் ஆண்டுக்கு 12 என்றால் 2,07,123 ரூபா. ஒப்பந்தத்தில் வீதம் இல்லாவிட்டால் மத்திய வங்கி வர்த்தமானியில் அறிவிக்கும் சட்டரீதியான வட்டி வீதத்தைப் பாருங்கள்.

ஒப்பந்தத்தைத் தவறாக முடிவுறுத்தியிருந்தால், செய்யாத மிச்ச வேலையில் வந்திருக்கும் இலாபத்தையும் கேட்கலாம். அதற்கு விலைமனுவோடு கொடுத்த விலைப்பகுப்பு வேண்டும். இலாபம் எத்தனை வீதம் என்று அதில் நீங்களே அன்று எழுதியிருப்பீர்கள், இன்று அதைக் கூட்ட முடியாது. இழந்த பெயர், மன உளைச்சல் என்று எழுதும் பகுதிகளுக்கு ஒப்பந்த வழக்கில் காசு வராது. விட்டுவிடுங்கள்.

விலையேற்றம் தனிக் கதை. 2021 டிசம்பர் இறுதியில் லீற்றர் 121 ரூபாவாக இருந்த டீசல் 2022 ஜூன் இறுதியில் 460 ரூபா ஆனது. நிலையான விலை ஒப்பந்தத்தில் கையொப்பமிட்டவருக்கு அந்த ஏற்றம் தானாக வராது. விலைச் சீராக்கச் சூத்திரம் ஒப்பந்தத்தில் இருந்தால் மாதச் சுட்டெண்ணோடு ஒவ்வொரு பில்லிலும் கேளுங்கள். சூத்திரம் இல்லாமல், திணைக்களத்தின் தாமதத்தால்தான் மலிவு காலத்தில் செய்ய வேண்டிய வேலை விலையேறிய காலத்துக்குள் போனது என்று காட்டக்கூடியவர்கள் அந்த வித்தியாசத்தை நட்டஈடாகக் கேட்கலாம். இது வேறு அடிப்படை, வேறு தலைப்பு, வேறு ஆதாரம்.

இறுதிப் பில்லில் ஒப்பமிடும்போது

பில்களில் கழித்து வைத்த பிடிப்புப் பணத்தை விடுவிக்க முன் 'இவ்வேலை தொடர்பாக வேறெந்தக் கோரிக்கையும் இல்லை' என்று ஒரு கடிதம் கேட்பார்கள். மேலே சொன்ன வேலையில் பிடிப்பு 5 வீதம் என்றால் 9 இலட்சம் ரூபா. கடன்காரர் வாசலில் நிற்கும்போது அந்தக் கடிதத்தில் ஒப்பமிடத்தான் தோன்றும். ஒப்பமிட்டால் மற்றக் கோரிக்கை அங்கேயே முடிந்துவிடலாம். 'திகதியிட்ட எமது கோரிக்கைக் கடிதங்களில் உள்ள உரிமைகளை விட்டுக்கொடுக்காமல் இத்தொகையைப் பெறுகிறேன்' என்று உங்கள் கையால் எழுதிய பிறகே ஒப்பமிடுங்கள்.

கால எல்லை: இதில்தான் சப் வேலை (துணை ஒப்பந்த வேலை) செய்தவர்கள் மாட்டுகிறார்கள்

1871 ஆம் ஆண்டின் 22 ஆம் இலக்கக் காலாவதிக் கட்டளைச் சட்டப்படி எழுத்திலான ஒப்பந்தத்தை மீறியதற்கு, மீறிய நாளிலிருந்து 6 வருடத்துக்குள் வழக்கிட வேண்டும். எழுத்தில் இல்லாததற்கு 3 வருடம். ஆனால் செய்த வேலைக்கான கூலிக்கும், விற்று ஒப்படைத்த பொருளுக்கும் காசு வரவேண்டிய நாளிலிருந்து 1 வருடம் மட்டுமே.

தென்பகுதியிலிருந்து வந்த பெரிய கம்பனி ஏ-9 பக்கத்து வீதியை எடுக்கும். மண்வேலையை உள்ளூர் டிப்பர்காரரிடம் வாய்ப்பேச்சில் கொடுக்கும். கிறவல் லோட்டுக்கு இவ்வளவு, பெக்கோ இயந்திரத்துக்கு மணித்தியாலத்துக்கு இவ்வளவு. வேலை முடியும், 'திணைக்களம் காசு விடவில்லை, வந்ததும் தாறம்' என்ற பேச்சோடு இரண்டு வருடம் போகும். அந்தப் பொறுமையே வழக்கைக் கொன்றுவிடுகிறது. வாய்ப்பேச்சில் வேலை செய்தவர்கள் ஒரு வருடத்தையே எல்லையாக வைத்துக்கொள்ளுங்கள். அதற்குள் கம்பனியின் கடிதத்தாளில் 'இவருக்கு இவ்வளவு தரவேண்டியிருக்கிறது' என்று ஒப்பமிட்ட ஒரு தாளை வாங்கினால், எழுத்திலான அந்த ஒப்புதலிலிருந்து காலம் புதிதாக எண்ணப்படும். ஒரு பகுதிக் காசை வங்கி மூலம் வாங்கினாலும் உதவும். லோட்டுச் சீட்டுகளை எறிய வேண்டாம்.

எந்த வாசலில் தட்டுவது

முதலில் பொறியியலாளரின் தீர்மானம், பிறகு ஒப்பந்தம் சொல்லும் தீர்ப்பாளர் (அட்ஜுடிகேற்றர்), அதன் பிறகு நடுத்தீர்ப்பு (நீதிமன்றத்துக்கு வெளியே நடுவர் முன் நடக்கும் விசாரணை). ஒவ்வொரு படிக்கும் நாள் எல்லை உண்டு. தீர்ப்பாளரின் தீர்மானத்தைக் குறித்த நாளுக்குள் எதிர்க்காவிட்டால் அதுவே இறுதியாகிவிடும். பல ஒப்பந்தங்களில் அதுவும் 28 நாள்தான். நடுத்தீர்ப்புப் பிரிவு இருக்கும்போது நேரே மாவட்ட நீதிமன்றம் போனால், எதிராளி ஆட்சேபித்த உடனேயே 1995 ஆம் ஆண்டின் 11 ஆம் இலக்க நடுத்தீர்ப்புச் சட்டத்தின்படி நீதிமன்றத்துக்கு அந்த வழக்கை விசாரிக்க அதிகாரம் இல்லாமல் போகும். அதற்குள் வருடங்கள் கழிந்திருக்கும். சிறிய தொகைக்கு நடுத்தீர்ப்பாளர் கட்டணமே கோரிக்கையைத் தின்றுவிடும் என்பதால், சில இலட்ச ரூபாப் பிரச்சினைகளைத் தீர்ப்பாளர் படியிலேயே முடிக்கப் பாடுபடுவது நல்லது. ஒப்பந்தக் காசுக்காக எழுத்தாணை (ரிட்) மனு போடுவது பொதுவாக எடுபடாது.

நடுத்தீர்ப்புப் பிரிவு இல்லாவிட்டால் வவுனியா, மன்னார், கிளிநொச்சி, முல்லைத்தீவு மாவட்ட நீதிமன்றங்களில் எந்த எல்லைக்குள் ஒப்பந்தம் எழுதப்பட்டதோ மீறப்பட்டதோ அங்கே வழக்கிடலாம். கொழும்புக்கு ஓட வேண்டும் என்றில்லை. பெருந்தொகை வணிக வழக்கு மட்டும் கொழும்பு வணிக மேல் நீதிமன்றத்துக்குப் போகக்கூடும், அதைச் சட்டத்தரணியிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.

எதிராளியின் பெயர் பிழைத்தால் வழக்கே பிழைத்தது. நீர்ப்பாசனத் திணைக்களம், மாவட்டச் செயலகம், பிரதேச செயலகம் போன்ற மத்திய அரசின் அலுவலகங்களுக்கு எதிரான வழக்கில் எதிராளி சட்டமா அதிபர். வீதி அபிவிருத்தி அதிகார சபைபோலச் சட்டத்தால் அமைந்த கூட்டுத்தாபனத்தை அதன் பெயரிலேயே வழக்கிடலாம். மாகாணத் திணைக்களம் என்றால் சட்டத்தரணியிடம் கேட்கும் முதற் கேள்வி இதுவாக இருக்கட்டும். பிரதேச சபைக்கு 1987 ஆம் ஆண்டின் 15 ஆம் இலக்கச் சட்டத்தில் தனியான முன்னறிவித்தல் விதி உண்டு, காலமும் குறுகியது. அதனால் அந்த வேலைகளில் ஒரு மாதமும் தாமதிக்க வேண்டாம்.

சட்டமா அதிபருக்கு எதிராக வழக்கிட முன் குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 461 ஆம் பிரிவின்படி எழுத்தில் அறிவித்தல் கொடுத்து ஒரு மாதம் முடிய வேண்டும். அதில் மூன்று விடயம் கட்டாயம்: வழக்குக்கான காரணம், உங்கள் பெயரும் வதிவிடமும், கேட்கும் பரிகாரம். அறிவித்தல் கொடுத்ததாக வழக்கு மனுவிலும் எழுத வேண்டும். ஆறு வருடம் செப்டெம்பர் 30 இல் முடிகிறதென்றால் செப்டெம்பர் நடுவில் அறிவித்தல் அனுப்பிப் பயனில்லை. ஜூலைக்குள் அனுப்புங்கள்.

சங்கமோ கமக்காரர் அமைப்போ வேலையை எடுத்திருந்தால், நிர்வாகம் மாறும் பொதுக்கூட்டத்தில் ஒப்பந்தக் கோப்பை எண்ணிக் கையளித்து, கோரிக்கையைத் தொடர யாருக்கு அதிகாரம் என்று கூட்டக் குறிப்பில் தீர்மானம் எழுதுங்கள். பழைய தலைவர் வெளிநாடு போனபின் கோப்பைத் தேடுவதில் இழந்த கோரிக்கைகள் இங்கே ஏராளம்.

நடுத்தீர்ப்பில் வென்றாலும் தீர்ப்புத் தாள் தானாகக் காசாகாது. எதிர்ப்பக்கம் அதைத் தள்ளிவைக்கக் கேட்பதானால் தீர்ப்புக் கிடைத்து 60 நாளுக்குள் கேட்க வேண்டும். நிறைவேற்றித் தரும்படி மேல் நீதிமன்றத்தில் விண்ணப்பிக்க உங்களுக்குள்ள காலம், தீர்ப்பளித்து 14 நாள் கழிந்ததிலிருந்து ஒரு வருடம். அந்தக் கடைசித் திகதியைக் கோப்பின் மேலட்டையில் பெரிய எழுத்தில் எழுதி, சட்டத்தரணியின் நாட்குறிப்பிலும் அன்றே பதியச் சொல்லுங்கள்.